கொலை செய்தவர் யார்? கதை செய்தவர் யார்?

(தேசூரில் நடைபெற்ற முன்னாள் மாணவர் ஒன்றுகூடலில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம். பேச்சு நடை ஆங்காங்கே அப்படியே விடப்பட்டுள்ளது.)



"சார், நீங்க சினிமாவைப் பத்திப் பேசுங்க. பசங்க கேப்பாங்க" என்று செயலாளர் சொன்னார். நான் சினிமாக்காரன் இல்லை. முப்பது வருஷம் பள்ளிக்கூடத்தில் தமிழ் நடத்தியவன். அதற்கு முன்னால் இந்தத் தேசூரில் தறி வீட்டில் பிறந்து வளர்ந்தவன். சினிமா பார்ப்பேன். பார்த்தால் பெயர் ஓடும்போது எழுந்து போகமாட்டேன். அந்த ஒரு தகுதிதான் எனக்கு. அதை வைத்துக்கொண்டு ஒரு மனிதரைப் பற்றி இன்று சொல்லப்போகிறேன்.

முதலில் ஒரு கேள்வி. "பட்டணத்தில் பூதம்" பார்த்தவர்கள் கை தூக்குங்கள். பாருங்க, பெரியவங்க எல்லாரும் தூக்கிட்டீங்க. டி.வி. புண்ணியத்தில் தம்பிமார்களும் சிலர் தூக்குகிறார்கள். ஜாடியிலிருந்து வெளியே வந்து வாய்விட்டுச் சிரிக்குமே, ஜீபூம்பா என்ற பூதம், அந்த வேஷம் போட்டவர் பெயர் என்ன? கைகள் குறைகின்றன. ஜாவர் சீதாராமன். சரி, 1967-இல் வந்த அந்தப் படத்துக்குக் கதை வசனம் எழுதியவர் யார்? அவரேதான். இப்போது கை ஒன்றுகூட இல்லை.

உங்களைக் குறை சொல்லவில்லை. நடித்தவரை ஞாபகம் வைத்துக்கொள்கிறோம், எழுதியவரை மறந்துவிடுகிறோம். அதிலும் துப்பறியும் படம், மர்மப் படம் என்றால் இந்த மறதி இன்னும் அநியாயம். ஏன் என்று சொல்கிறேன்.

நம்ம தறியில் ஒரு முந்தானை எப்படி வருகிறது? நெய்கிறவர் கை வேலை எல்லோருக்கும் தெரியும். அதற்கு முன்னால் ஒருவர் கிராப் தாளில் கட்டம் கட்டமாக டிசைன் போடுகிறார். அதைப் பார்த்து இன்னொருவர் அட்டையில் துளை போடுகிறார். அந்த அட்டைகளை வரிசையாகக் கோத்து ஜக்கார்டு பெட்டியில் மாட்டுகிறோம். எந்த இழை எப்போது மேலே எழும்ப வேண்டும், எது கீழே இருக்க வேண்டும் என்று அந்த அட்டைதான் தீர்மானிக்கிறது. ஓர் அட்டை வரிசை மாறினால் மயில் மூக்கு மயில் வாலில் போய் உட்காரும். கடையில் புடவையைப் பிரித்துப் பார்க்கிற அம்மாவுக்கு அந்த அட்டை தெரியாது. தெரிய வேண்டிய அவசியமும் இல்லை. ஆனால் அட்டை இல்லாமல் மயில் இல்லை.

துப்பறியும் படத்தில் திரைக்கதை என்பது அந்த அட்டை. எந்த உண்மை எப்போது மேலே வரவேண்டும், எது கடைசி வரைக்கும் கீழே மறைந்திருக்க வேண்டும் என்று முடிவு செய்கிறவர் எழுதுகிறவர். காதல் படத்தில் காட்சி முன்னே பின்னே ஆனால் பாட்டு தாங்கிவிடும். சண்டைப் படத்தில் நாயகன் தாங்கிவிடுவார். கொலைக் கதையில் ஒரு தகவல் ஒரு ரீல் முன்னால் வந்துவிட்டால் படம் போச்சு.

இதில் நம்ம பக்கத்துக்கு ஒரு பழைய உரிமையும் உண்டு. தமிழில் துப்பறியும் நாவலை வீட்டுக்கு வீடு கொண்டுபோன முன்னோடிகளில் ஒருவர் ஆரணி குப்புசாமி முதலியார். பெயரிலேயே ஊர் இருக்கிறது. "ஆனந்தபோதினி" பத்திரிகையின் ஆசிரியராக இருந்தவர். ரெயினால்ட்ஸ் போன்ற ஆங்கில நாவலாசிரியர்களின் கதைகளைத் தழுவி, வெள்ளைக்காரத் துரைமார்களை நம்ம ஊர் ஜமீன்தார்களாகவும் மிட்டாதார்களாகவும் மாற்றி எழுதினார். "இரத்தினபுரி இரகசியம்" என்ற பெயர் தாத்தா வீட்டுப் பரணில் உங்களில் யாராவது பார்த்திருக்கலாம். அவர் காலத்தவரான வடுவூர் துரைசாமி ஐயங்காரின் கதைகள் திரைக்கே வந்துவிட்டன. "மேனகா" 1935-இல் படமாயிற்று. "திகம்பர சாமியார்" 1950-இல் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரிப்பாக வந்தது. எம்.என்.நம்பியார் பல மாறுவேடங்களில் கலக்கினார். அப்போது படம் பார்த்தவர்கள் வேஷத்தைத்தான் பேசினார்கள்.

வேஷத்தை நம்பாமல் கட்டமைப்பை நம்பி ஒரு மர்மப் படம் தமிழில் வந்தது என்றால் அது 1954 ஏப்ரல் 13-ஆம் தேதி வெளியான "அந்த நாள்". ஏ.வி.எம். தயாரிப்பு. கதையும் இயக்கமும் எஸ்.பாலச்சந்தர். வீணை பாலச்சந்தர் என்று பிற்காலத்தில் உலகம் அறிந்தவர் இவரேதான். திரைக்கதை, வசனம் ஜாவர் சீதாராமன்.

அந்தக் காலத்தை நினைத்துப் பாருங்கள். 1952-இல் "பராசக்தி" வந்து இரண்டு வருஷம்கூட ஆகவில்லை. சிவாஜி கணேசன் என்றால் வசனம், வசனம் என்றால் சிவாஜி கணேசன். டெண்ட் கொட்டகையில் மண்ணைக் குவித்து உட்கார்ந்திருக்கும் ஜனங்கள் ஒரு படத்தில் எத்தனை பாட்டு என்று எண்ணிக்கொண்டு வருவார்கள். அந்த நேரத்தில் பாட்டு இல்லை, நடனம் இல்லை, சண்டை இல்லை, படம் ஆரம்பித்ததும் சிவாஜி சுடப்பட்டுச் செத்துக் கிடக்கிறார். துணிச்சலைப் பாருங்கள்! கதாநாயகனை முதல் காட்சியிலேயே கொன்றுவிட்டு, மிச்சம் இரண்டு மணி நேரம் ஜனங்களை உட்கார வைக்க வேண்டும். பாட்டு கை கொடுக்காது. எழுத்துதான் கை கொடுக்க வேண்டும்.

அந்தப் பாத்திரத்துக்கு முதலில் எஸ்.வி.சகஸ்ரநாமத்தையும் அடுத்து என்.விஸ்வநாதனையும் போட்டு எடுத்துப் பார்த்துத் திருப்தி இல்லாமல், அப்புறம்தான் சிவாஜி வந்தார் என்பது திரையுலக வரலாற்றில் பதிவான செய்தி. நடிகர் மாறினார். எழுதிய அடித்தளம் நின்றது.

கதை நடப்பது 1943 அக்டோபர், சென்னை. இரண்டாம் உலகப் போர். ஜப்பான் விமானம் வந்து சென்னையில் குண்டு போட்ட சமயம். இது கற்பனை இல்லை, நடந்த விஷயம். 1914-இல் எம்டன் கப்பல் சுட்டதைப் பேசுகிற அளவுக்கு நாம் இதைப் பேசுவதில்லை. அந்தக் கலவரச் சூழ்நிலையில் ராஜன் என்ற ரேடியோ இஞ்சினியர் தன் வீட்டில் சுடப்பட்டு இறந்து கிடக்கிறார். சி.ஐ.டி. அதிகாரி சிவானந்தம் விசாரிக்க வருகிறார். மனைவி, தம்பி, தம்பி மனைவி, பக்கத்து வீட்டுக்காரர், இறந்தவரோடு தொடர்பிருந்த ஒரு பெண் என ஐந்து பேர் பேசுகிறார்கள். ஒவ்வொருவர் பேச்சிலும் ராஜன் மறுபடி உயிரோடு வருகிறார். ஒருவர் கண்ணில் பார்த்த ராஜன் இன்னொருவர் கண்ணில் இல்லை. செத்துப்போன நாயகன் இத்தனை தடவை, இத்தனை நிறத்தில் திரும்பி வருகிறார் என்றால் சிவாஜி ரசிகனுக்கு வேறென்ன வேண்டும்? முதல் காட்சியில் எடுத்ததை எழுதியவர் வட்டியோடு திருப்பிக் கொடுத்துவிட்டார்.

கொலையாளி யார் என்று நான் சொல்லமாட்டேன். பார்த்தவர்களும் பக்கத்தில் இருப்பவர் காதில் சொல்லாதீர்கள். இளைஞர்கள் இன்றைக்கே போய்ப் பார்க்கட்டும்.

ஒரு செய்தி மட்டும் சொல்கிறேன். அந்த சி.ஐ.டி. அதிகாரி சிவானந்தமாக நடித்தவர் ஜாவர் சீதாராமன்தான். அதாவது கேள்வியை எழுதியவரே திரையில் நின்று கேள்வியைக் கேட்கிறார். எந்தச் சாட்சி எதை ஒளிக்கிறார் என்று உலகத்திலேயே நன்றாகத் தெரிந்த ஆள், ஒன்றும் தெரியாதவர் போல முகத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். அடுத்த தடவை பார்க்கும்போது அந்த முகத்தைக் கவனியுங்கள்.

இப்போது பலர் சொல்கிற ஒரு குற்றச்சாட்டுக்கு வருகிறேன். "அட, அது ஜப்பான் படத்தோட காப்பி சார்" என்பார்கள். அகிரா குரோசாவாவின் "ராஷோமோன்" 1950-இல் வந்தது. 1951-இல் இத்தாலியில் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது பெற்றது. 1952-இல் இந்தியாவில் நடந்த முதல் சர்வதேசத் திரைப்பட விழா பம்பாயில் தொடங்கி சென்னைக்கும் வந்தது. இத்தாலியின் "பைசைக்கிள் தீவ்ஸ்" எல்லாம் அப்போதுதான் நம்ம ஆட்கள் பார்த்தார்கள். அந்த விழாவில் "ராஷோமோன்" பார்த்த தூண்டுதல்தான் பாலச்சந்தருக்கு. இதில் மறைக்க ஒன்றும் இல்லை.

ஆனால் இரண்டு படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். "ராஷோமோனில்" கொள்ளைக்காரன் நான்தான் கொன்றேன் என்கிறான். மனைவி தன் கைக்கத்தியின் மேல் பழியை வாங்கிக்கொள்கிறாள். இறந்தவனின் ஆவி வந்து நானே குத்திக்கொண்டேன் என்கிறது. ஆளாளுக்குக் கொலையைத் தன் தலையில் போட்டுக்கொள்கிறார்கள், மானம் காப்பாற்ற. கடைசியில் உண்மை எது என்று படம் அடித்துச் சொல்வதில்லை. "அந்த நாளில்" ஒருவர் இன்னொருவரைக் கைகாட்டுகிறார். தன் மேல் பழி வராமல் இருக்க, வீட்டு மனுஷரையே மாட்டிவிடுகிறார்கள். கூட்டுக் குடும்பம், பணம், பொறாமை, அக்கம்பக்கத்து வம்பு எல்லாம் வெளியே வருகிறது. நம்ம தெருவில் ஒரு திருட்டு நடந்தால் எப்படிப் பேசிக்கொள்வோமோ அப்படியே. உண்மையும் கடைசியில் தெரிகிறது. தெரிந்த பிறகு மனசு லேசாவதற்குப் பதில் கனமாகிறது, ஏனென்றால் கொலைக்குக் காரணம் அந்த வருஷத்தோடும் அந்த நாட்டோடும் சம்பந்தப்பட்டது. வேறு ஊரிலோ வேறு வருஷத்திலோ இந்தக் கொலை நடந்திருக்க முடியாது. இரவல் வாங்கின நூல்தான், நெய்தது நம்ம தறியில்.

படம் முதல் ஓட்டத்தில் பெரிய வசூல் பார்க்கவில்லை. தேசிய விருதுகளில் நற்சான்றிதழ் பெற்றது. இன்றைக்கு எழுபது வருஷம் தாண்டியும் தமிழில் மர்மப் படம் என்று பேச்செடுத்தால் முதலில் இதைத்தான் சொல்கிறார்கள். அதிலும் ஒரு விசித்திரம் பாருங்கள். அந்தப் படம் வெளியானது ஏப்ரல் 13. வீணை பாலச்சந்தர் மறைந்ததும் 1990-இல் அதே ஏப்ரல் 13.

பாலச்சந்தர் பிறகும் இந்த வகையில் படம் செய்தார். "பொம்மை" 1964-இல் வந்தது. அதில் ஒரு பொம்மைக்குள் வெடிகுண்டு. அது கை மாறிக் கை மாறிப் போகிறது. உள்ளே குண்டு இருப்பது நமக்குத் தெரியும், வாங்கி வைத்துக் கொஞ்சுகிறவருக்குத் தெரியாது. "அந்த நாளில்" பாத்திரங்களில் ஒருவருக்குத் தெரிந்தது நமக்குத் தெரியாது. "பொம்மையில்" நமக்குத் தெரிந்தது பாத்திரங்களுக்குத் தெரியாது. தம்பிகளா, துப்பறியும் கதை எழுதுவதில் பாதிப் பாடம் இதில் முடிந்துவிட்டது. முன்னது "யார் செய்தது?" என்ற கேள்வி, பின்னது "ஐயோ, என்ன ஆகப்போகிறதோ?" என்ற பதைப்பு. இரண்டில் எதை எழுதுகிறோம் என்று உட்காரும் முன்பே முடிவு செய்யாதவர் நடுவழியில் இரண்டையும் கோட்டைவிடுவார்.

ஜாவர் சீதாராமனுக்கு வருவோம். கொலைக் கதையோடு அவர் நின்றுவிடவில்லை. "களத்தூர் கண்ணம்மா" 1960-இல் வந்தது. கமல்ஹாசன் என்ற குழந்தை திரைக்கு வந்த படம். அதன் கதை இவருடையது. "ஆலயமணி" (1962) திரைக்கதை இவர். "குழந்தையும் தெய்வமும்" (1965) இவர். அந்தப் படத்துக்கு ஒரு சங்கிலி உண்டு. எரிக் கேஸ்ட்னர் என்ற ஜெர்மன் எழுத்தாளர் இரட்டைச் சிறுமிகளைப் பற்றி ஒரு குழந்தைகள் நாவல் எழுதினார். அதை வைத்து 1961-இல் அமெரிக்காவில் வால்ட் டிஸ்னி நிறுவனம் "தி பேரண்ட் டிராப்" எடுத்தது. அதைத் தழுவித் தமிழில் இது. இங்கிருந்து இந்திக்கு "தோ கலியான்" (1968). 1968-இல் "உயர்ந்த மனிதன்" வசனம். இதற்கு நடுவில் "வீரபாண்டிய கட்டபொம்மன்" (1959) படத்தில் பானர்மேன் துரையாக வேஷம். "குமுதம்" இதழில் "உடல் பொருள் ஆனந்தி", "மின்னல் மழை மோகினி" என்று தொடர்கதை. வாரம் ஒரு தடவை கதையை எந்த இடத்தில் நிறுத்தினால் வாசகர் அடுத்த வாரம் வரைக்கும் தவிப்பார் என்பது அவருக்குக் கைவந்த கலை.

அந்தத் தவிப்பு எங்க வீட்டுத் தறிக்கும் தெரியும். ஞாயிற்றுக்கிழமை ரேடியோவில் ஒலிச்சித்திரம் போடுவார்கள். பெரியவர்களுக்கு நன்றாக ஞாபகம் இருக்கும். ஒரு முழுப் படத்தையும் ஒரு மணி நேரத்துக்குச் சுருக்கி, வசனத்தை மட்டும் ஒலிபரப்புவார்கள். அப்பா குழியில் கால் மிதித்துக்கொண்டே கேட்பார். முக்கியமான இடம் வந்தால் நாடா அப்படியே நின்றுவிடும். யார் முகமும் தெரியாது, செட்டு தெரியாது, சேலை தெரியாது. எல்லாவற்றையும் எடுத்துவிட்டால் என்ன மிஞ்சும்? எழுதியவர் மிஞ்சுவார். சினிமாவில் எழுத்து என்று ஒரு வேலை தனியாக இருக்கிறது என்று எனக்குத் தெரிந்தது எந்தப் புத்தகத்திலும் இல்லை, அந்தத் தறி மேட்டில்தான்.

கொஞ்சம் வெளியூர் போய்வருவோம். வெளியூர் என்றால் இத்தாலி. சிரிக்காதீங்க, காரணம் இருக்கு.

இத்தாலியில் துப்பறியும் கதைக்கு "ஜால்லோ" என்று பெயர். அந்தச் சொல்லுக்கு அர்த்தம் மஞ்சள். 1929-இல் மிலான் நகரத்து மொண்டடோரி பதிப்பகம் துப்பறியும் நாவல்களை மஞ்சள் அட்டை போட்டு மலிவு விலையில் வெளியிட ஆரம்பித்தது. ஆரம்பத்தில் வந்ததில் பெரும்பகுதி ஆங்கிலத்திலிருந்து மொழிபெயர்ப்பு. நம்ம ஆரணி முதலியார் செய்த மாதிரிதான். அட்டை நிறமே கதை வகைக்குப் பெயராகிவிட்டது. பிறகு சினிமா. 1963-இல் மரியோ பாவா எடுத்த ஒரு படத்தை இந்த வகையின் முதல் படம் என்பார்கள். 1970-இல் டாரியோ அர்ஜென்டோ வந்தபின் அது ஓர் அலையாயிற்று. 1970-களில் அந்த நாட்டில் குண்டுவெடிப்பும் ஆள்கடத்தலும் அரசியல் கொலையுமாக நிஜமாகவே ரத்தம் ஓடிக்கொண்டிருந்தது. போலீஸ் படங்களும் தாதா படங்களும் வரிசையாக வந்தன.

அந்த அலையைத் தூக்கி நிறுத்தியவர்கள் எழுத்தாளர்கள். ஃபெர்னாண்டோ டி லியோ என்று ஒருவர். பல கௌபாய் படங்களுக்கு எழுதிப் பழகினவர். பிறகு தானே எழுதி இயக்க ஆரம்பித்தார். ஷெர்பனென்கோ என்ற எழுத்தாளரின் மிலான் நகரக் குற்றக் கதைகளை ஆதாரமாக வைத்து 1972-இல் "மிலானோ காலிப்ரோ 9" எடுத்தார். இன்றைக்கும் அந்த வகையின் சிறந்த படங்களில் ஒன்றாக அதைச் சொல்கிறார்கள். எர்னெஸ்டோ கஸ்தால்தி, டார்டானோ சக்கெட்டி என்று இன்னும் சிலர். வாழ்நாள் முழுக்க எழுதித் தள்ளினார்கள். நம்மில் யாருக்கும் பெயர் தெரியாது.

தெரியாவிட்டாலும் அவர்கள் கதை நம்மிடம் வந்துவிட்டது. 1977-இல் சக்கெட்டியும் ராபர்ட்டோ ஜான்விட்டியும் இயக்குநர் லூச்சியோ ஃபுல்ச்சியும் சேர்ந்து எழுதிய ஒரு படம். அதன் இத்தாலியப் பெயருக்குக் "கறுப்பில் ஏழு சுரங்கள்" என்று பொருள் சொல்லலாம். ஒரு பெண்ணுக்குக் கண்முன்னால் ஒரு கொலைக் காட்சி தோன்றுகிறது. சுவருக்குள் ஒரு உடல். எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கா? 1984-இல் மணிவண்ணன் எடுத்த "நூறாவது நாள்". மொட்டைத் தலையோடு சத்யராஜ் வந்து நம்மைத் தூங்கவிடாமல் அடித்தாரே, அந்தப் படம். அதன் மூலம் இந்த இத்தாலியப் படம் என்று விமர்சகர்கள் எழுதியிருக்கிறார்கள். தமிழிலிருந்து அது 1991-இல் "100 டேஸ்" என்று இந்திக்கும் போயிற்று. மணிவண்ணன் சாதாரண எழுத்தாளர் இல்லை. "நிழல்கள்" (1980), "அலைகள் ஓய்வதில்லை" (1981) படங்களுக்குக் கதை வசனம் எழுதி வந்தவர். திகிலை நம்ம வீட்டுக் கூடத்துக்குக் கொண்டுவரத் தெரிந்தவர். படம் விறுவிறுப்பாகத்தான் இருந்தது. ஆனால் அந்த இத்தாலியர் மூன்று பேரின் பெயர் நமக்கு வந்து சேரவில்லை.

நம்மை மட்டும் சொல்லிப் பயன் இல்லை. இத்தாலியர்களும் இதே வேலையைச் செய்தவர்கள்தான். 1964-இல் செர்ஜியோ லியோனே எடுத்த "எ ஃபிஸ்ட்ஃபுல் ஆஃப் டாலர்ஸ்" படம் குரோசாவாவின் "யோஜிம்போ" (1961) கதையை அப்படியே கௌபாய் உடையில் நிறுத்தியது. ஜப்பானின் தோஹோ நிறுவனம் வழக்குப் போட்டது. சமரசம் ஆகி, படத்தின் வருமானத்தில் ஒரு பங்கு ஜப்பான் பக்கம் போயிற்று. அந்தத் திரைக்கதையில் டி லியோவும் வேலை செய்தவர், ஆனால் படத்தில் அவர் பெயர் இல்லை என்கிறார்கள். கடன் கொடுத்தவர் பெயரும் இல்லை, உழைத்தவர் பெயரும் இல்லை. துப்பறியும் கதைக்காரர்கள் வாழ்க்கையே ஒரு துப்பறியும் கதையாகிவிட்டது!

ஆக, இரவல் வாங்குவது உலக வழக்கம். குரோசாவாவே "ராஷோமோனுக்கு" அகுதாகவா என்ற எழுத்தாளரின் சிறுகதைகளைத்தான் எடுத்துக்கொண்டார். அவர் பெயரைப் போட்டு எடுத்துக்கொண்டார். நம்ம "மூடுபனி" (1980) ராஜேந்திரகுமார் நாவலை ஆதாரமாகக் கொண்டது. வாங்கின கதையை நம்ம மண்ணில் நட்டு வளர்த்தோமா, வாங்கின இடத்தைச் சொன்னோமா என்ற இரண்டு கேள்விதான் முக்கியம். முதல் கேள்விக்கு "அந்த நாள்" நல்ல பதில். இரண்டாவது கேள்விக்குத் தமிழ் சினிமா இன்னும் பதில் தேடிக்கொண்டிருக்கிறது.

மாணவ நண்பர்களுக்கு இது ஏதோ பழைய கதை என்று தோன்றலாம். அதனால் அண்மைக்கால விஷயம் ஒன்று. 2018-இல் "சர்கார்" படம் வெளிவரும் முன், வருண் ராஜேந்திரன் என்பவர் தான் எழுதிப் பதிவு செய்த "செங்கோல்" கதையோடு அது ஒத்துப்போகிறது என்று எழுத்தாளர் சங்கத்தில் முறையிட்டார். அப்போது சங்கத் தலைவர் கே.பாக்யராஜ். 1978-இல் "சிகப்பு ரோஜாக்கள்" என்ற கொலைப் படத்துக்கு வசனம் எழுதிய அதே பாக்யராஜ். ஒற்றுமை இருக்கிறது என்று சங்கம் கருதியது. இயக்குநர் தரப்பு மறுத்தது. விஷயம் சென்னை உயர் நீதிமன்றம் போய், வருண் ராஜேந்திரன் பெயரைக் குறிப்பிடுவது என்று சமரசம் ஆயிற்று. ஒரு பெயருக்காக நீதிமன்ற வாசல் வரை போக வேண்டியிருந்தது, பாருங்கள்.

இன்று நம் கல்லூரிப் பிள்ளைகள் செல்போனிலேயே குறும்படம் எடுக்கிறார்கள். போட்டிக்கு அனுப்புகிறார்கள். எனக்கும் சிலர் காட்டினார்கள். பத்துப் படத்தில் ஆறு படம் கொலைக் கதை. சந்தோஷம்தான். அவர்களுக்கு நாலு வார்த்தை.

முதலாவது, எழுதி முடித்ததும் தேதி போட்டு வைத்துக்கொள்ளுங்கள். சென்னையில் தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர் சங்கத்தில் உறுப்பினராகிக் கதையைப் பதிவு செய்ய வழி இருக்கிறது. 1957-ஆம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டப்படி பதிவு செய்தால்தான் உரிமை என்று இல்லை. ஆனால் வழக்கு என்று வந்தால் பதிவு ஒரு சாட்சி. வெறும் யோசனைக்குச் சட்டம் பாதுகாப்புத் தராது. "ஒரு அண்ணன் தம்பி, நடுவில் ஒரு கொலை" என்பது யோசனை. அதைக் காட்சி காட்சியாக எழுதினால்தான் அது உங்கள் சொத்து. ஆகவே பேசிக்கொண்டே இருக்காமல் எழுதுங்கள்.

இரண்டாவது, சாட்சிகளுக்கு நேர்மையாக இருங்கள். கடைசிக் காட்சியில் இதுவரை காட்டாத ஓர் ஆளைக் கூட்டிவந்து இவன்தான் கொலையாளி என்று சொன்னால் அது ஏமாற்று. "அந்த நாள்" ஒருதரம் பார்த்து முடித்ததும் மறுபடி முதலிலிருந்து பாருங்கள். எல்லாம் நம் கண்முன்னால்தான் வைக்கப்பட்டிருக்கும். நாம்தான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தோம்.

மூன்றாவது, உங்கள் ஊரை எழுதுங்கள். சென்னையில் குண்டு விழுந்த கதையை அவர்கள் எழுதினார்கள். ஒரு தறி வீட்டில் என்ன ரகசியம் இருக்கும்? வெள்ளி குறைந்த ஜரிகையை ஒருவர் கலந்துவிடுகிறார். முன்பணம் வாங்கின கூலிக்காரர் ஒரு ராத்திரியில் காணாமல் போகிறார். பாவு போட்டபடி தறி நிற்கிறது, நெய்தவரைக் காணோம். இதில் இல்லாத மர்மமா மிலான் நகரத்தில் இருக்கிறது? வந்தவாசி பஸ்ஸில் ஏறிப் போகும்போதே பத்துக் கதை கிடைக்கும்.

நாலாவது, யாரிடம் வாங்கினீர்களோ அவர் பெயரைப் போடுங்கள். கொரியப் படம் பார்த்து எடுத்தீர்களா, போடுங்கள். பாட்டி சொன்ன கதையா, பாட்டி பெயரைப் போடுங்கள். அதனால் உங்கள் படம் ஒரு அங்குலம்கூடச் சின்னதாகாது.

முன்னாள் மாணவ நண்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். இந்த மேடையில் என் கூடப் படித்த நெசவாளி நண்பர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்கள் நெய்த பட்டு எந்தெந்த ஊர்க் கல்யாணத்திலோ மணவறையில் உட்கார்ந்தது. புடவையில் கடையின் பெயர் இருக்கும், நெய்தவர் பெயர் இருக்காது. அதன் வலி அவர்களுக்குத் தெரியும். ஆகவே அடுத்த ஆண்டு ஒன்றுகூடலில் ஒரு சாயங்காலம், ஆரணி முதலியாரையும் ஜாவர் சீதாராமனையும் நினைவுகூர்ந்து, "அந்த நாள்" படத்தை உரிய அனுமதியோடு நம் மாணவர்களுக்குத் திரையிட வேண்டும் என்று சங்கத்தை வேண்டிக் கேட்டுக்கொள்கிறேன். அன்று பெயர் ஓடும்போது யாரும் எழுந்து நிற்கக் கூடாது, பேசக் கூடாது. ஒளிப்பதிவு மாருதி ராவ் என்பது வரைக்கும் ஒவ்வொரு பெயரையும் வாய்விட்டுப் படிப்போம். அதே மலரில், இந்த ஆண்டு குறும்படம் எழுதும் நம் மாணவர் மாணவியர் பெயரையும் கதையின் பெயரையும் அச்சிடலாம். ஒரு பக்கம் போதும். செலவை நானும் என் வகுப்பு நண்பர்களும் ஏற்றுக்கொள்கிறோம்.

நேரம் கடந்துவிட்டது, சாப்பாடு தயார் என்று சமையல்கட்டிலிருந்து வாசனையே சொல்கிறது.